உப்பு நிலாவில் பதினாறு பேர்

மார்ச் 4, திங்கள்

"உப்பு நிலா" முடிந்தது. ஐந்து மாதம், பதினான்கு ரீல், ஏறத்தாழ இரண்டு லட்சம் பிரேம். ஒவ்வொன்றிலும் கீறல், பூஞ்சை, தூசி. சிலவற்றில் எந்தக் காலத்திலோ எவரோ வைத்த கட்டைவிரல் ரேகை. அத்தனையையும் துடைத்தாயிற்று. எங்கள் முதலாளி தயானந்த் ஆபீஸில் எல்லோருக்கும் பாதுஷா கொடுத்தார். "சுத்தத்துக்கு ஒரு பட்டம் கொடுக்கணும்னா மங்கை மேடத்துக்குத்தான் கொடுக்கணும்" என்றார். எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. ஐம்பத்தொரு வயதில் இப்படி மகிழக் கூடாதுதான்.

படத்தைப் பற்றி இரண்டு வரி எழுதி வைக்கிறேன், நாளைக்கு எனக்கே மறந்துபோகும். 1986-இல் வந்தது. பதினோரு நாள் ஓடியது. முழுக்க உப்பாலான ஒரு நிலவில் ஒருவன் தனியாக மாட்டிக்கொள்கிறான், அவ்வளவுதான் கதை. கையில் காசில்லாமல் தூத்துக்குடி உப்பளத்தையே நிலவாக்கி எடுத்திருக்கிறார்கள். கண்ணாடித் தகட்டில் உப்புத் தண்ணீரை ஊற்றி, அது காயக் காயச் சில நிமிடத்துக்கு ஒரு பிரேம் எடுத்து, படிகம் வளர்வதை ஒரு நகரம் எழும்புவது போலக் காட்டியிருக்கிறார்கள். மழை கீழிருந்து மேலே போகிறது. இன்றைக்குக் கம்ப்யூட்டரில் கோடி கொட்டி எடுப்பதெல்லாம் அந்தக் கண்ணாடித் தகட்டின் பக்கத்தில் நிற்காது. இயக்குநர் காலமாகிப் பல வருடம் ஆகிறது. தயாரிப்பாளரின் மகன்தான் டப்பாக்களைக் கொண்டுவந்தார்.

ஆறாம் ரீல் மட்டும் படுத்தியது. டப்பாவைத் திறந்ததும் புளித்த காடி வாடை. ஒரே ஒரு முறைதான் ஸ்கேன் ஓடியது, அதற்குப் பிறகு கையில் உதிர்ந்துவிட்டது.

வீட்டுக்கு வந்தால் சமையலறை மேடையில் காபிக் கறை. என் வீட்டுக்காரர் போட்டுக் குடித்திருக்கிறார்.

மார்ச் 6, புதன்

அவர் 1986-இல் கும்பகோணத்தில் கல்லூரி விடுதியில் இருந்தார். அந்தப் பதினோரு நாளில் மூன்று தடவை இந்தப் படத்தைப் பார்த்தாராம். கல்யாணமாகி இருபத்தாறு வருடத்தில் இதைச் சொன்னதே இல்லை.

"மங்கை, அதுல தூரத்துல கொஞ்சம் பேர் நடந்து போவாங்களே, அவங்க இப்ப நல்லாத் தெரியுறாங்களா?" என்று கேட்டார்.

"எவங்க?" என்றேன்.

"ஹீரோ பின்னாடி. அடிவானத்துல."

மாவு பொங்கி வழிகிறது என்று எழுந்து போய்விட்டேன். மாவு பொங்கவில்லை.

மார்ச் 8, வெள்ளி

தயாரிப்பாளரின் மகன் படத்தைப் பார்த்து ஒப்புதல் கொடுத்துவிட்டார். எங்கள் வழக்கப்படி அதிலிருந்து முப்பது நாள்தான், துடைப்பதற்கு முன் எடுத்த மூல ஸ்கேன் சர்வரில் இருக்கும், அப்புறம் அடுத்த படத்துக்காக இடத்தைக் காலி செய்வார்கள். அதற்கான படிவத்தில் தரப் பரிசோதகர் என்ற இடத்தில் கையெழுத்துப் போட்டேன்.

மார்ச் 13, புதன்

முன்னோட்டம் வெளியாகியிருக்கிறது. பதினோரு நாள் ஓடிய படத்துக்கு இத்தனை உறவுக்காரர்கள் எங்கிருந்து முளைத்தார்கள் என்று தெரியவில்லை. ஞாயிறு மதியம் டிவியில் போட்டபோது பார்த்தவர்கள், விசிடி வைத்திருந்தவர்கள், அப்பா சொல்லிக் கேட்டவர்கள். லிஃப்டில் ஒரு பெண் உப்பு நகரத்தைச் சட்டையில் அச்சடித்துப் போட்டுக்கொண்டு நின்றாள். அவள் பிறக்கும் முன்னால் பெட்டிக்குள் போன படம்.

சாப்பாட்டு நேரத்தில் கருத்துகளைப் படித்தேன். பாதிப் பேர் அந்த ஒரு காட்சியைப் பற்றியே எழுதுகிறார்கள். ஹீரோ உப்பில் மண்டியிட்டு "இங்க என்னைத் தவிர யாருமே இல்ல" என்று அழுவான். அவனுக்குப் பின்னால், வெகு தூரத்தில், வரப்பு மேல் பதினாறு பேர் இடமிருந்து வலமாக நடந்து போவார்கள். ஒவ்வொருவரும் ஒரு கடுகு அளவு. அவர்கள் நிலவின் மனிதர்கள் என்று ஒரு கட்சி. இல்லை, அது அவனுடைய மனப்பிரமை என்று இன்னொரு கட்சி. "அந்தப் பதினாறு பேரைப் பெரிய திரையில் பார்க்கத்தான் போகிறேன்" என்று ஒருவர் எழுதி, அதற்கு நாலாயிரம் பேர் விருப்பம் தெரிவித்திருக்கிறார்கள்.

இதில் கட்சி கட்ட என்ன இருக்கிறது? உப்பளத்தில் வேலை செய்தவர்கள் குறுக்கே வந்துவிட்டார்கள். படக்குழு கவனிக்கவில்லை. தூசி எடுக்கும் மென்பொருளுக்கு அசைகிற சின்னப் புள்ளி எல்லாம் தூசிதான். அது தன் வேலையைச் செய்து அவர்களையும் எடுத்துவிட்டது. அதை யாரும் குறை சொல்ல முடியாது.

மார்ச் 19, செவ்வாய்

இன்று ஆபீஸ் தொலைபேசியில் ஒரு அம்மா. வரவேற்பில் இருந்தவள் என்ன செய்வதென்று தெரியாமல் எனக்குத் தள்ளிவிட்டாள்.

"அக்கா, நான் வேப்பலோடைல இருந்து ராஜகனி பேசுதேன். உப்பளத்துல வேலை பாக்கேன். இந்தப் படத்தக் கழுவித் தொடச்சது நீங்கதானா?"

"ஆமாம்மா, சொல்லுங்க."

"அதுல எங்கம்மா வாராக்கா."

நான் பேனாவைக் கீழே வைத்தேன்.

"தூரத்துல நடந்து போவாவள்ல, அதுல இடது பக்கத்துல இருந்து மூணாவது ஆளு. மழை வருதுன்னு உப்பு அள்ளிக் கரையேத்துனாவ. படம் எடுக்காவன்னு வேலைய நிறுத்தவா முடியும்? எல்லாரும் போய்க்கிட்டே இருப்பாவ, எங்கம்மா மட்டும் நின்னு இந்தப் பக்கம் பாப்பா. கேமராவப் பாக்கான்னுதான் சனம் சொல்லும். கேமரா இல்லக்கா, என்னையப் பாத்தா. எனக்கு அப்ப ஆறு வயசு. கேமராக்காரர் பக்கத்துல நின்னு வேடிக்க பாத்துக்கிட்டு இருந்தேன்."

அம்மா பெயர் பேச்சியம்மாளாம். அதற்கப்புறம் இரண்டு வருடத்தில் இறந்துவிட்டாராம். வீட்டில் ஒரு புகைப்படம் கிடையாது. முகம் மறந்துவிட்டதாம். டிவியில் படம் போடுகிற அன்று வேலைக்குப் போகாமல் உட்கார்ந்து அந்த இடம் வரும் வரை பார்ப்பாராம், வந்ததும் எழுந்துவிடுவாராம். இதையெல்லாம் அழுதுகொண்டு சொல்லவில்லை. பஸ் நேரம் சொல்வது போலச் சொன்னார்.

"தியேட்டர்ல அம்மா பெருசாத் தெரிவாளாக்கா?"

"தெரிவாங்க" என்றேன்.

மார்ச் 20, புதன்

தெரிவாங்க என்று ஏன் சொன்னேன்? "பார்த்துச் சொல்கிறேன்" என்றாவது சொல்லித் தொலைத்திருக்கலாமே.

மார்ச் 22, வெள்ளி

மூல ஸ்கேன் சர்வரில் பத்திரமாக இருக்கிறது. பார்த்துவிட்டேன். ஆறாம் ரீலில் அந்த ஒன்பது வினாடியை மட்டும் அப்படியே எடுத்துப் பதிலாக வைத்தால் போதும், ஒரு நாள் வேலை. ஆனால் ஒப்புதல் ஆன படத்தில் கை வைக்க தயானந்த் அனுமதிக்க வேண்டும். அனுமதி கேட்டால் ஏன் என்பார். அவர் மும்பையில் இருக்கிறார். இதைப் போய் போனில் சொல்வது மரியாதையாக இருக்காது.

மார்ச் 25, திங்கள்

தயானந்த் வந்துவிட்டார். வந்ததும் வராததுமாக ஆளைப் பிடித்து நிறுத்துவது நன்றாக இருக்காது என்று விட்டுவிட்டேன்.

மார்ச் 28, வியாழன்

வாஷிங் மெஷின் தண்ணீரை வெளியே விட மறுக்கிறது. மெக்கானிக் வருவதாகச் சொன்னதால் அரை நாள் விடுப்பு. வந்தவர் உள்ளேயிருந்து என் வீட்டுக்காரரின் சட்டைப் பித்தான் மூன்றும் ஒரு ஐம்பது பைசாவும் எடுத்துக் கொடுத்தார்.

மதியம் ஆபீஸ் போனதும் சகாயமேரி டிபன் டப்பாவோடு வந்து உட்கார்ந்தாள். பக்கத்து மேசை. பதினோரு வருடமாக அவள் கொண்டுவரும் மீன் குழம்பின் வாசனையைச் சகித்துக்கொள்கிறேன், என் வாயை அவள் சகித்துக்கொள்கிறாள். தூத்துக்குடி அம்மா பேசியதை அவளிடம் சொன்னேன். சாப்பிடுவதை நிறுத்திவிட்டாள்.

"நான் அன்னைக்கே சொன்னேன்ல அக்கா. ஆளுங்க மாதிரி இருக்கு, விட்டுடலாம்னு."

"மென்பொருள் எடுத்திருச்சு, நான் என்ன பண்றது?"

அவள் என்னைப் பார்த்தாள். டப்பாவை மூடிக்கொண்டு போய்விட்டாள். பாதிக் குழம்பு மிச்சம் இருந்தது.

ஏப்ரல் 2, செவ்வாய்

இது என் டைரி. இதிலும் பொய் எழுதினால் அப்புறம் எங்கே போய் உண்மையைச் சொல்வது?

மென்பொருள் எடுக்கவில்லை. அது பதினாறு பேரையும் தூசியில்லை என்று சரியாகவே விட்டிருந்தது. நான்தான் எடுத்தேன். கையால். மின்பேனாவைப் பிடித்து, பிரேம் பிரேமாக, இருநூற்றுப் பன்னிரண்டு பிரேம்.

இந்த வேலையில் சேர்ந்த முதல் நாள் சொல்லிக் கொடுப்பார்கள்: காலம் செய்ததைத்தான் துடைக்க வேண்டும், படம் எடுத்தவன் செய்ததைத் தொடக் கூடாது. பதினெட்டு வருடமாக நானும் புதிதாக வருகிறவர்களுக்கு அதையே ஓதுகிறேன். அப்படியிருந்தும், அந்தக் காட்சி வந்தபோது எனக்கு எரிச்சலாக இருந்தது. அப்பழுக்கில்லாத வெள்ளை, ஒருவன் மட்டும், யாருமே இல்லை என்கிறான், பின்னால் கூடையோடு கூட்டம். எவ்வளவு அழகான பிரேமை இப்படிக் கெடுத்துவிட்டார்களே என்று நினைத்தேன். இயக்குநர் இருந்திருந்தால் எனக்கு நன்றி சொல்வார் என்றுகூட நினைத்தேன். சகாயமேரி வந்து எட்டிப் பார்த்து "அது ஆளுங்கக்கா" என்றாள். "உன் ரீலைப் பாரு" என்று விரட்டினேன்.

இரண்டு நாள் ஆயிற்று. அந்த இரண்டு நாளும் நான் மிகவும் சந்தோஷமாக இருந்தேன், அதையும் எழுதிவிடுகிறேன். நடந்தவர்களை அழிப்பதுதான் சிரமம், ஒவ்வொரு பிரேமிலும் இடம் மாறுவார்கள், பின்னாலிருக்கும் வரப்பைப் புதிதாக வரைய வேண்டும். அவர்களில் ஒருவர் மட்டும் நின்றார். நின்றதால் சுலபம். ஒரு பிரேமில் துடைத்து, அதையே அடுத்த நாற்பதுக்கும் ஒட்டிவிட்டேன். அப்பாடா என்றிருந்தது.

அது பேச்சியம்மாள்.

ஏப்ரல் 4, வியாழன்

தயானந்தின் அறைக்குப் போனேன். கதவைத் தட்டினேன். "வாங்க வாங்க, நானே கூப்பிடணும்னு இருந்தேன்" என்றார். நவம்பரில் ஒரு பட விழாவில் எங்கள் வேலையைப் பற்றிப் பேச அழைத்திருக்கிறார்களாம். பழுதான பிரேம், சரிசெய்த பிரேம் என்று பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்ட வேண்டுமாம். நான்தான் பேச வேண்டுமாம்.

"என்ன விஷயமா வந்தீங்க மேடம்?"

"ஏசி தண்ணி ஒழுகுது சார்" என்றேன்.

ஒழுகுவது உண்மைதான்.

ஏப்ரல் 5, வெள்ளி

சிலிண்டர் தீர்ந்துவிட்டது, மாற்றினேன். துணி அலமாரியை ஒழித்தேன். பூஜை சாமான்களைத் துலக்கினேன், மின்விசிறி இறக்கைகளைத் துடைத்தேன். "என்ன வீட்டுக்கு யாராவது வர்றாங்களா?" என்று அவர் கேட்டார்.

ஏப்ரல் 8, திங்கள்

பதினோரு மணிக்கு சர்வரைப் பார்த்துக்கொள்கிறவர் போன் செய்தார். "மேடம், உப்பு நிலா மூலக் கோப்பெல்லாம் முப்பது நாள் முடிஞ்சிருச்சு. கிளியர் பண்ணிடலாமா?"

வழக்கமாகக் கேட்கமாட்டார். இன்றைக்கென்று கேட்டார். ஒரு வாரம் பொறுங்கள் என்று மூன்று வார்த்தை சொன்னால் போதும். காரணம்கூடக் கேட்டிருக்கமாட்டார்.

"பண்ணிடுங்க" என்றேன்.

மதியம் தயிர்சாதம். நன்றாகப் பசித்தது. நிம்மதியாக இருந்தது என்றுகூட எழுதலாம், இதை யார் படிக்கப் போகிறார்கள்? இனி என்னால் ஒன்றும் செய்ய முடியாது என்பதில் ஒரு நிம்மதி. சாயங்காலம் பஸ்ஸில் உட்கார இடமும் கிடைத்தது. என்ன பிறவி நான்?

ஏப்ரல் 9, செவ்வாய்

தயானந்திடம் சொன்னேன். எல்லாம் போன பிறகு சொல்வதற்குத் தைரியம் வந்துவிட்டது. அவர் திட்டுவார், விழாவுக்கு வேறு ஆளை அனுப்புவார், வேலையைவிட்டே போகச் சொல்வார் என்றெல்லாம் நினைத்திருந்தேன். நினைத்திருந்தேனா, ஆசைப்பட்டேனா, தெரியவில்லை.

"அட விடுங்க மேடம். கிளையன்ட் பார்த்து ஓகே சொல்லியாச்சு. நாலு ரசிகர்கள் கத்துவாங்க, ரெண்டு நாள்ல மறந்துடுவாங்க" என்றார். ஏசிக்கு ஆள் வரச் சொல்லியிருப்பதாகவும் சொன்னார்.

ஏப்ரல் 14, ஞாயிறு

வருடப் பிறப்பு. மாங்காய்ப் பச்சடி, வடை, பாயசம். சாப்பிட்ட பிறகு அவர் பரணிலிருந்து பழைய விசிடியைத் தேடி எடுத்துவந்து படத்தைப் போட்டார். எனக்காகத்தானாம், நான் வேலை பார்த்த படமாம்.

ஐந்து மாதம் அதை நான் பிரேம் பிரேமாகத்தான் பார்த்திருக்கிறேன். படமாகப் பார்க்கவே இல்லை என்பது இன்றைக்குத்தான் புரிந்தது. விசிடியில் எல்லாம் கட்டம் கட்டமாக உடைந்து தெரிகிறது. உப்பு நகரம் எழும்பும்போது அந்தக் கட்டங்களையும் மீறி என் கையில் இருந்த தம்ளர் அப்படியே நின்றுவிட்டது. மழை மேலே போனது. அந்தக் காட்சி வந்தது. அடிவானத்தில் ஏதோ கலங்கலாக ஊர்ந்து போனது, எண்ணினால் பத்துகூடத் தேறாது. ஒன்று நின்றதா என்று சொல்லவே முடியாது. ராஜகனி இத்தனை வருடம் இதைத்தான் அம்மா என்று பார்த்திருக்கிறார்.

என் வீட்டுக்காரர் சொன்னார்: "ஹாஸ்டல்ல அப்ப எனக்கு ஒரு பய பேசமாட்டான். மூணு தடவையும் இதுக்காகத்தான் போனேன். அவன் யாருமே இல்லன்னு அழுவான். பின்னாடி ஆளுங்க போய்க்கிட்டே இருப்பாங்க. எந்திரிச்சுக் கத்தணும்போல இருக்கும், டேய், திரும்பிப் பாருடான்னு. அவன் கடைசி வரைக்கும் திரும்பவே மாட்டான். அதை எவன் யோசிச்சானோ!"

யாரும் யோசிக்கவில்லை, மழைக்குப் பயந்து உப்பு அள்ளினார்கள் என்று சொல்லலாம். ஆனால் யோசிக்காமல் வந்ததை வெட்டி எறியாமல் வைத்துக்கொள்ள அந்த இயக்குநருக்குத் தெரிந்திருக்கிறது. நாற்பது வருடமாகப் படம் சாகாமல் இருப்பதற்கு உப்பு நகரம் பாதிக் காரணம் என்றால் மீதிப் பாதி அந்தப் பதினாறு பேர். நான் அதைப் போய்த் துடைத்தேன்.

அவரிடம் சொல்லிவிட்டேன். விசிடியை எடுத்து உறையில் போட்டுப் பரணில் வைத்தார். ராத்திரி சாப்பிட வரவில்லை.

ஏப்ரல் 18, வியாழன்

ராஜகனி மறுபடி பேசினார். மே பத்தாம் தேதி தூத்துக்குடியிலும் படம் வருகிறதாம். ஞாயிற்றுக்கிழமை காலைக் காட்சிக்கு உப்பளத்திலிருந்து எட்டுப் பேர் போகிறார்களாம்.

"நீங்களும் வாங்கக்கா. எம் பக்கத்துல ஒங்களுக்கு ஒரு சீட்டு போட்டுருக்கேன். அம்மா வரும்போது நான் கையக் காட்டுதேன், நீங்களும் பாக்கலாம்."

வருகிறேன் என்றேன். போனிலேயே சொல்லிவிட எத்தனை நல்ல சந்தர்ப்பம். வருகிறேன் என்று மட்டும் சொன்னேன்.

ஏப்ரல் 22, திங்கள்

ஒரு காரியம் செய்தேன். மதியம் எல்லோரும் சாப்பிடப் போனதும், சுத்தமாக இருக்கும் அந்த அடிவானத்தில் பதினாறு புள்ளி வைத்தேன். நடக்கவும் வைத்தேன். பதினெட்டு வருட அனுபவம், சாயலுக்கு ஒரு குறையும் இல்லை. இடதுபக்கத்திலிருந்து மூன்றாவதை நிற்க வைத்தேன். தியேட்டர்களுக்குப் பிரதி போய்ச் சேர இன்னும் நாள் இருக்கிறது. கெஞ்சினால் தயானந்த் மாற்றித் தரக்கூடும்.

சகாயமேரி பின்னால் வந்து நின்றதைக் கவனிக்கவில்லை.

"யாருக்கா இவங்க?" என்று கேட்டாள்.

யாருமில்லை. ராஜகனி தியேட்டரில் உட்கார்ந்து, நான் வரைந்த ஒரு புள்ளியைப் பார்த்து, அம்மா என்று கை காட்டுவார். நான் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து அதைப் பார்ப்பேன். முதலில் அழித்ததைவிட இது கேவலம்.

எல்லாவற்றையும் எடுத்துவிட்டேன். அழிப்பதற்கு நான்கு நிமிடம்கூட ஆகவில்லை.

மே 11, சனி

பெட்டி கட்டியாயிற்று. எதை உடுத்திக்கொண்டு போவது என்று அரை மணி நேரம் யோசித்தேன். எனக்கே வெட்கமாக இருந்தது. அவர் ரயில் நிலையம் வரை வந்தார். "போனதும் முதல்லயே சொல்லிடு, படம் ஆரம்பிக்கறதுக்குள்ள" என்றார். சரி என்றேன்.

மே 12, ஞாயிறு

தூத்துக்குடி ரயில் நிலையத்தில் உட்கார்ந்து எழுதுகிறேன். மணி நாலு. வண்டிக்கு இன்னும் நாலு மணி நேரம் இருக்கிறது.

முதலிலேயே சொல்லவில்லை. தியேட்டர் வாசலில் ராஜகனி என்னை அடையாளம் கண்டு ஓடிவந்து இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். நாற்பத்துநாலு வயது, ஒல்லி, கறுத்து வற்றிய முகம், உள்ளங்கை மரப்பட்டை மாதிரி இருந்தது. கூட வந்தவர்களிடம் "மெட்ராஸ்ல இருந்து நமக்காவ வந்துருக்காவ" என்று அறிமுகம் செய்துவைத்தார். எல்லோரும் புதுச்சேலை. அதற்கு மேல் எந்த வாயால் சொல்வது? இதுவும் ஒரு சாக்குதான், தெரியும்.

கூட்டம் நன்றாக இருந்தது. கல்லூரிப் பையன்கள் உப்பு நகரத்துக்கு எழுந்து நின்று விசிலடித்தார்கள். மழை மேலே போனபோது தியேட்டரே அமைதியாகிவிட்டது. பெரிய திரையில் அது எங்கள் ஆபீஸில் பார்த்த படமே அல்ல, வேறு ஏதோ ஒன்று. ராஜகனி என் பக்கம் சாய்ந்து, "அந்தா தெரியுதுல்ல, அது எங்க பாத்திதான்க்கா" என்றார்.

ஆறாம் ரீல். அவன் மண்டியிட்டான். ராஜகனி முன்னால் நகர்ந்து உட்கார்ந்தார். "யாருமே இல்ல" என்று அவன் அழுதான். பின்னால் வெள்ளை. ஒரு குன்றிமணி அளவு கறைகூட இல்லாத வெள்ளை. என் இத்தனை வருட வேலையில் அப்படி ஒரு சுத்தமான ஒன்பது வினாடி கிடையாது.

ராஜகனி கண்ணை இடுக்கினார். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு மறுபடி பார்த்தார். அதற்குள் அடுத்த காட்சி வந்துவிட்டது. பின்வரிசையில் பையன்கள் "எங்கடா காணோம்?" என்று ஏதோ பேசிக்கொண்டார்கள், அது அவர் காதில் விழவில்லை. இடைவேளைக்கு அவர் எழுந்திருக்கவே இல்லை. படம் முடியும் வரை மடியில் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கை காட்டவில்லை.

வெளியே வந்து சுவரோரமாக நின்றோம். மற்றவர்கள் டீ குடிக்கப் போனார்கள்.

"எனக்குத் தெரியலக்கா" என்றார்.

நான் வாயைத் திறப்பதற்குள் அவரே தொடர்ந்தார்: "போன வருசமே கண்ணாஸ்பத்திரில சொன்னாவ. வெயில்ல உப்பு வெள்ளையப் பாத்துப் பாத்துக் கண்ணு போய்க்கிட்டு இருக்கு, கண்ணாடி போடணும்னு. நான்தான் கேக்கல. டிவில தெரிஞ்சவ இம்புட்டுப் பெரிய ஸ்கிரீன்ல தெரியலன்னா, கண்ணு முடிஞ்சு போச்சுன்னுதான அர்த்தம்? இனி அம்மாவப் பாக்கவே முடியாதுல்லாக்கா? ஒங்கள வேற அம்புட்டுத் தூரத்துல இருந்து வரவச்சு…" என்னிடம் மன்னிப்புக் கேட்கிற குரல்.

"உங்க கண்ணுல ஒண்ணும் இல்ல ராஜகனி" என்றேன். "அவங்க அங்க இல்ல. நான் அழிச்சிட்டேன்."

அவருக்குப் புரியவில்லை. "மெசினு அழிச்சிட்டா?"

"மெஷின் இல்ல. நான்தான். என் கையால. குறுக்க வந்துட்டாங்கன்னு நினைச்சு, சுத்தமா இருக்கட்டும்னு அழிச்சேன். நீங்க போன் பண்ணப்ப அழிச்சு ரொம்ப நாள் ஆச்சு. ஆனா அப்ப நினைச்சிருந்தா திரும்ப வச்சிருக்கலாம். இருபது நாள் இருந்துச்சு. பேரு கெட்டுடும்னு பயந்துக்கிட்டு வாயத் திறக்கல. இப்ப அந்தப் பிலிமும் இல்ல, பழைய டிவிப் படத்துக் கலங்கலத் தவிர ஒண்ணுமே இல்ல."

அவர் இடது கண்ணைக் கையால் மூடிக்கொண்டு எதிரே இருந்த மருந்துக்கடைப் பலகையைப் பார்த்தார். அடுத்து வலது கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். உதடு எழுத்துக்கூட்டிப் படித்தது.

"அப்பம் எங் கண்ணு நல்லாத்தான் இருக்கு" என்றார். அவருக்குப் பெருமூச்சு வந்தது. அந்த ஒரு நொடி அவர் முகம் தெளிந்ததை என்னால் தாங்கவே முடியவில்லை.

அப்புறம்தான் மற்றது அவருக்குள் போய்ச் சேர்ந்தது. கோபப்படுவார் என்று நின்றேன். அறைந்திருந்தால் வாங்கிக்கொண்டிருப்பேன். அவர் என்னிடம் கொஞ்சம் நெருங்கி, குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டார்:

"அழிக்கிறதுக்குப் பெருசாக்கிப் பாத்துருப்பியள்லாக்கா?"

"ஆமா."

"நல்லாப் பெருசா?"

"ஆமா. எட்டு மடங்கு."

"அப்பம் எங்கம்மாவக் கடைசியாப் பாத்தது நீங்கதான்." என் முகத்தையே பார்த்தார். "எப்படி இருந்தா? சிரிச்சாளா? கை கிய் காட்டுனாளா?"

சிரிச்சாங்க என்று வாய் வரை வந்தது. கையைத் தூக்கிக் காட்டினாங்க, உங்களைப் பார்த்துத்தான் காட்டினாங்க என்று சொல்லியிருந்தால், ராஜகனி அதை வைத்துக்கொண்டு மிச்ச நாளை ஓட்டியிருப்பார். யார் வந்து சரிபார்க்கப் போகிறார்கள்?

"நான் பாக்கல ராஜகனி" என்றேன். "ஒரு புள்ளி நின்னுச்சு. நின்னதால சுலபமா இருந்துச்சு. அவ்வளவுதான் பாத்தேன்."

அவர் தலையை ஆட்டினார். டீக்கடைப் பக்கம் திரும்பி, "வாங்கட்டி, பஸ்ஸு வந்துரும்" என்று கூப்பிட்டார். எட்டுப் பேரும் சாலையோரமாக ஒருவர் பின் ஒருவராக நடந்து போனார்கள். நான் அங்கேயே நின்று பார்த்தேன். ஒருவரும் திரும்பவில்லை.